லைப்ரரியன் சாருக்கு என்ன வேலை?

ஆகஸ்ட் 12 வந்தால் நம் ஊர்க் கல்லூரிகளில் ஒரு சின்ன விழா நடக்கும். நூலகர் தினம். எஸ்.ஆர்.ரங்கநாதன் படத்துக்கு நிலக்கோட்டை மார்க்கெட்டில் வாங்கின சம்பங்கி மாலை, நாலு மேஜையில் புத்தகக் கண்காட்சி, முதல்வர் ரெண்டு வார்த்தை. பத்து மணிக்கு ஆரம்பித்து பத்தரைக்கு முடிஞ்சிடும். செப்டம்பர் 5-ம் தேதி மாதிரி பாட்டு, டான்ஸ், பரிசு என்றெல்லாம் எதிர்பார்க்காதீர்கள். மாலை வாங்குவது, மேஜை போடுவது, நன்றி சொல்வது மூன்றும் ஒரே ஆள். வேற யாரு, லைப்ரரியன் சார்தான்!

படத்தில் இருக்கும் மனிதரைப் பற்றி அந்த அரை மணி நேரத்தில் என்ன சொல்கிறார்கள்? இந்திய நூலகத் துறையின் தந்தை. ஐந்து விதிகள் எழுதியவர். தினமும் 13 மணி நேரம், வாரம் ஏழு நாளும் வேலை பார்த்தவர். இருபது வருஷம் லீவே எடுக்காதவர். கல்யாணம் ஆன அன்றைக்கு மத்தியானமே நூலகத்துக்கு வந்து உட்கார்ந்தவர். கைதட்டல். மேனேஜ்மென்ட் ஆட்கள் கொஞ்சம் பலமாகவே தட்டுவார்கள். லீவு கேட்காத ஊழியர் என்றால் யாருக்குத்தான் பிடிக்காது?

ஆனால் இந்தக் கதையின் முன்பாதியை அந்த மேடையில் யாரும் சொல்வதில்லை. அதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

ரங்கநாதன் சீர்காழிக்காரர். 1892-ல் பிறந்தவர். சென்னை பிரசிடென்சி கல்லூரியில் கணக்கு வாத்தியார். 1923-ல் சென்னைப் பல்கலைக்கழகம் நூலகர் என்று ஒரு பதவியை உருவாக்கி ஆள் தேடியபோது சுமார் 900 பேர் விண்ணப்பம் போட்டார்கள். ஒருத்தருக்கும் நூலகப் பயிற்சி கிடையாது. ரங்கநாதனுக்கும் கிடையாது. இன்டர்வியூவுக்குச் சில நாள் முன்னால் என்சைக்ளோபீடியா பிரிட்டானிக்காவில் நூலகம் பற்றி இருந்த கட்டுரையைப் படித்துக்கொண்டு போனார். அவ்வளவுதான் தயாரிப்பு. வேலை கிடைத்துவிட்டது. 1924 ஜனவரியில் சேர்ந்தார்.

சேர்ந்த சில வாரத்திலேயே மனுஷன் தவித்துப் போய்விட்டார். வகுப்பறையில் பையன்களோடு இருந்து பழகினவர். இங்கே பேச ஆளில்லை. என்னை மறுபடி கணக்கு வாத்தியாராகவே அனுப்பிவிடுங்கள் என்று பல்கலைக்கழகத்திடம் போய் நின்றார். அவர்கள் ஒரு டீல் பேசினார்கள். லண்டனுக்குப் போ. அங்கே நூலகங்கள் எப்படி நடக்கின்றன என்று பார். திரும்பி வந்த பிறகும் இந்த வேலை பிடிக்கவில்லை என்றால் உன் கணக்கு வாத்தியார் வேலை உனக்கே.

போனார். யுனிவர்சிட்டி காலேஜில் பெர்விக் சேயர்ஸ் என்ற நூலகரிடம் பாடம் கேட்டார். நூற்றுக்கும் மேற்பட்ட நூலகங்களைச் சுற்றிப் பார்த்தார். செல்ஃப்ரிட்ஜஸ் கடையில் குழந்தைகள் விளையாடும் மெக்கானோ செட்டைப் பார்த்துவிட்டு, துண்டு துண்டாக இணைக்கிற மாதிரி புத்தகங்களுக்கும் ஒரு வகைப்பாடு போடலாமே என்று யோசித்தார். 1933-ல் கோலன் பகுப்பு முறையாக வெளியே வந்தது அதுதான். திரும்பி வந்ததும் அலமாரிகளைத் திறந்துவிட்டார். வாசகன் தானே கைவைத்துப் புத்தகம் எடுக்கலாம் என்றார். கணக்கு வாத்தியார் வேலையை அப்புறம் கேட்கவே இல்லை.

கவனியுங்கள். அவர் சும்மா தியாகியாகப் பிறந்துவிடவில்லை. அவர் மேல் ஒரு நிறுவனம் பணம் போட்டது. படிக்க அனுப்பியது. வந்ததும் அதிகாரம் கொடுத்தது. பிடிக்கலைன்னா திரும்பிப் போக ஒரு கதவையும் திறந்து வைத்தது. அதற்கப்புறம்தான் அந்த 13 மணி நேரம். நம் கல்லூரிகள் அந்த டீலை மறந்துவிட்டு 13 மணி நேரத்தை மட்டும் ஞாபகம் வைத்திருக்கின்றன.

அவருடைய 'ஃபைவ் லாஸ் ஆஃப் லைப்ரரி சயின்ஸ்' புத்தகம் 1931-ல் வந்தது. சட்டப் புத்தகம் மாதிரி இருக்கும் என்று பயந்துகொண்டு எடுத்தால், கதை, உரையாடல், கிண்டல் என்று போகிறது. புத்தகம் பயன்படுவதற்காக இருக்கிறது என்பதுதான் முதல் விதியின் சாரம். இதில் என்ன பெரிய விஷயம் என்று தோன்றும். ஆனால் அந்த ஒரு விதியை வைத்துக்கொண்டு நூலகம் எங்கே இருக்கணும், எத்தனை மணிக்குத் திறக்கணும், நாற்காலி எப்படி இருக்கணும் என்று போய், கடைசியில் நூலகரின் படிப்பு, பயிற்சி, சம்பளம், அந்தஸ்து என்று வந்து நிற்கிறார். ஆசிரியருக்குச் சமமாக அவரை வைக்காவிட்டால் மற்றதெல்லாம் வீண் என்பதுதான் வாதம். மாலை போடுகிறவர்கள் அந்தப் பக்கங்களைப் புரட்டினால் தேவலை.

சரி, திண்டுக்கல்லுக்கு வருவோம்.

நம்ம ஊர் பூட்டுக்குப் பேர் போன ஊர். 2019-ல் புவிசார் குறியீடு கூட வாங்கிவிட்டோம். அதற்காகக் கல்லூரி நூலகத்திலும் பூட்டுத் தொழிலை வளர்க்க வேண்டுமா என்பதுதான் கேள்வி. இந்தப் பக்கத்துக் கல்லூரிகள் சிலவற்றில் நான் பார்த்த கண்ணாடி அலமாரிகளில் புது ரெஃபரன்ஸ் புத்தகங்கள் பளபளவென்று இருந்தன. பூட்டும் பளபளவென்று இருந்தது. ஒரு கல்லூரியில் (பேர் வேண்டாம்) சாவி எங்கே என்று கேட்டேன். ஆபீஸ் ரூமில் என்றார்கள். பையன்கள் கேட்டால்? "கேட்டா திறப்போம் சார். யாரும் கேக்கிறதில்ல."

லைப்ரரியனைத் திட்டுவது சுலபம். நானும் திட்டத்தான் கிளம்பினேன். ஆனால் நான் பி.காம். படித்தவன். பேலன்ஸ் ஷீட் கண்ணால் பார்த்தால் கொஞ்சம் வேறு மாதிரி தெரிகிறது.

கல்லூரிக் கணக்கில் புத்தகம் என்பது அசெட். அக்செஷன் ரிஜிஸ்டரில் நம்பர் போட்டு ஏற்றியாயிற்று. வருஷக் கடைசியில் ஸ்டாக் வெரிஃபிகேஷன். ரிஜிஸ்டரில் இருக்கிற நம்பர் அலமாரியில் இருக்கிறதா? இல்லையென்றால் நூலகர் பதில் சொல்லணும். சில இடங்களில் சம்பளத்திலேயே கைவைப்பார்கள். இப்போது யோசியுங்கள். நூறு பேர் படித்து, அட்டை கிழிந்து, கடைசியில் காணாமல் போன புத்தகம் நஷ்டம். பத்து வருஷமாக ஒருத்தரும் தொடாமல் பூச்சி அரிக்கிற புத்தகம் நஷ்டமே இல்லை, ஏனென்றால் அது இருக்கிறது! இந்தக் கணக்கை ஒருவர் தலையில் கட்டினால் அவர் என்ன செய்வார்? பூட்டுவார். நானாக இருந்தாலும் ரெண்டு பூட்டுப் போடுவேன்.

வேடிக்கை என்னவென்றால், மத்திய அரசின் விதி இவ்வளவு மோசமில்லை. 2017-ன் பொது நிதி விதிகளில் நூலகப் புத்தகங்களுக்கென்று தனியாக ஓர் ஏற்பாடு உண்டு. ஒரு வருஷத்தில் வெளியே கொடுத்த, எடுத்துப் பார்க்கப்பட்ட ஆயிரம் புத்தகத்துக்கு ஐந்து புத்தகம் காணாமல் போனால் அது நியாயமான இழப்பு. நூலகரின் நாணயத்தில் கோளாறு இல்லை என்றால் சரி. ஆயிரம் ரூபாய்க்கு மேல் விலையுள்ளதும் அபூர்வப் புத்தகமும் தொலைந்தால்தான் விசாரணை. எழுதின ஆள் நிச்சயம் புத்தகம் படிக்கிற ஆள். ஏனென்றால் கணக்கு இருப்பை வைத்து இல்லை, புழக்கத்தை வைத்து! எவ்வளவு அதிகமாகப் புத்தகம் நடமாடுகிறதோ அவ்வளவு சலுகை. பூட்டி வைத்தவருக்குச் சலுகை பூஜ்யம். தனியார் கல்லூரிகளை இந்த விதி கட்டுப்படுத்தாது என்பது உண்மைதான். ஆனால் கட்டுப்படுத்தாத நல்ல விதியைக் கடன் வாங்கக்கூடாது என்று யார் சொன்னது? ஒரு நிர்வாகக் குழுக் கூட்டம், ஒரு தீர்மானம், அரைப் பக்கம். நூலகரின் பாதிப் பயம் அன்றைக்கே போய்விடும்.

மீதிப் பாதி? அதற்கு அவர் நாள் முழுக்க என்ன செய்கிறார் என்று பார்க்கணும்.

புத்தகம் கொடுப்பது, வாங்குவது, ஃபைன் போடுவது. இதுதான் அவர் வேலை என்று நீங்கள் நினைத்தால் நீங்கள் படித்தது எண்பதுகளில். (நானும்தான் ஏறக்குறைய.) இன்றைக்கு அவர் கோஹா என்ற சாஃப்ட்வேரில் கேட்டலாக் ஏற்றுகிறார். நியூசிலாந்தில் ஒரு சின்ன ஊர் நூலகத்துக்காக எழுதப்பட்டு இலவசமாக உலகத்துக்குக் கொடுக்கப்பட்டது அது. கோஹா என்றால் மாவோரி மொழியில் அன்பளிப்பு. 2010-ல் என்-லிஸ்ட் திட்டம் வந்ததும், வருஷத்துக்குச் சில ஆயிரம் ரூபாய் கட்டின கல்லூரிக்கு ஆயிரக்கணக்கான ஆய்வு இதழ்களும் லட்சக்கணக்கில் மின்னூல்களும் திறந்தன. ஆனால் அதற்கு ஒவ்வொரு மாணவருக்கும் யூசர் நேம், பாஸ்வேர்டு உருவாக்கணும். உருவாக்குவது? லைப்ரரியன். பாஸ்வேர்டை மறந்தால் வந்து நிற்பது? லைப்ரரியனிடம்.

அடுத்தது திருட்டுப் பிடிப்பது. ஆய்வேட்டில் காப்பியடித்தால் என்ன தண்டனை என்று 2018-ல் யு.ஜி.சி. விதி போட்டது. 10 சதவீதம் வரை ஒத்துப்போனால் மன்னிப்பு. 60-ஐத் தாண்டினால் பதிவே ரத்து. அந்தச் சதவீதத்தை மெஷினில் போட்டுப் பார்த்துச் சொல்லும் வேலை பெரும்பாலும் நூலகர் தலையில் விழுந்தது. கற்பனை பண்ணிப் பாருங்கள். ஆராய்ச்சி வழிகாட்டி சீனியர் பேராசிரியர், துறைத் தலைவர். ரிப்போர்ட்டில் 34 சதவீதம் என்று வருகிறது. "கொஞ்சம் பாத்துப் பண்ணுங்களேன்" என்று போன் வருகிறது. இல்லை சார், முடியாது என்று சொல்ல அந்த நாற்காலிக்கு முதுகெலும்பு மட்டும் போதாது. பதவியில் சமமான உயரமும் வேண்டும்.

2022 நவம்பரில் சாட்ஜிபிடி வந்த பிறகு இன்னொரு தலைவலி. உலகம் முழுக்க நூலகர்கள் இதைச் சொல்கிறார்கள். மாணவர் ஒரு லிஸ்ட் கொண்டு வருகிறார். ஆசிரியர் பெயர் சரி, இதழின் பெயர் சரி, வருஷம், பக்க எண் எல்லாம் கச்சிதம். தேடினால் அப்படி ஒரு கட்டுரையே பூமியில் இல்லை! மெஷின் புளுகியிருக்கிறது. நிஜத்தையும் புளுகையும் பிரித்துக் காட்டச் சொல்லித்தர ஓர் ஆள் கல்லூரியில் வேண்டும் என்றால், அது யாராக இருக்க முடியும்?

இத்தனைக்கும் நடுவில் நாக் கமிட்டி. கல்லூரிகளை ஆயிரம் மதிப்பெண்ணுக்கு அளந்த காலத்தில் நூலகத்துக்கு 20. ஒரு நாளைக்கு எத்தனை பேர் நூலகத்துக்கு வந்தார்கள் என்று கணக்குக் காட்டணும். எனவே கமிட்டி வருவதற்கு முந்தின வாரம் பல ஊர்களில் ரிஜிஸ்டர் உட்கார்ந்து எழுதப்படும். ஒரே நீல மை, ஒரே சாய்வு எழுத்து. நாற்பது மாணவர்கள் ஒரே கையெழுத்தில் வந்து போயிருப்பார்கள். படிக்க வராத பையனை ரிஜிஸ்டரில் வரவழைக்கிற வேலைக்கு எம்.எல்.ஐ.எஸ். எதற்கு?

எம்.எல்.ஐ.எஸ். என்றதும் படிப்புப் பக்கமும் போய்விட்டு வந்துவிடலாம். நூலகப் பயிற்சியை இந்த மாகாணத்தில் 1929-ல் ஆரம்பித்து வைத்தவரும் ரங்கநாதன்தான். இன்றைக்கு பல பல்கலைக்கழகங்களில் இருக்கிறது, தபாலில் கூடப் படிக்கலாம். பிராக்டிகலில் என்ன கற்றுத் தருகிறார்கள்? ஒரு தலைப்பைக் கொடுத்து, கோலன் முறையில் நம்பர் போடு, டூயி முறையில் நம்பர் போடு. கோலன் நம் ஊர்க்காரர் கண்டுபிடித்தது. ஆனால் நம் கல்லூரி அலமாரிகளில் பெரும்பாலும் ஒட்டியிருப்பது அமெரிக்காவின் டூயி நம்பர். அறிவுப் பயிற்சியாக கோலன் அற்புதம், மறுக்கவில்லை. அதற்குச் செலவிடும் நேரத்தில் கொஞ்சம் எடுத்து, நாற்பது மாணவர் முன்னால் நின்று தேடுவது எப்படி என்று வகுப்பெடுக்க, பதிப்பகத்தோடு பேரம் பேச, காப்பிரைட் சட்டம் புரிய, பேராசிரியரிடம் முடியாது என்று பதமாகச் சொல்லக் கற்றுத்தரலாம். இதெல்லாம் சிலபஸில் ஒரு யூனிட்டாக எங்காவது இருக்கும். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பது நூலகப் படிப்புக்கும் பொருந்தும்.

சரி, படித்து முடித்தாயிற்று. வேலை?

காகிதத்தில் பிரமாதம். யு.ஜி.சி.யின் 2018 விதிப்படி கல்லூரி நூலகருக்கும் உதவிப் பேராசிரியருக்கும் ஆரம்ப அடிப்படைச் சம்பளம் ஒன்றுதான், 57,700 ரூபாய். தகுதியும் அதே கனம். முதுகலையில் 55 சதவீதம், நெட் அல்லது செட் தேர்வு, இல்லாவிட்டால் பிஎச்.டி. ரங்கநாதன் 1931-ல் கேட்டது கையில் வந்துவிட்ட மாதிரி இருக்கிறது அல்லவா? ஒரு சின்ன உறுத்தல் மட்டும். அந்த விதிகளில் நூலகரும் உடற்கல்வி இயக்குநரும் ஜோடியாகவே வருகிறார்கள். பி.டி. மாஸ்டர் மேல் எனக்கு மரியாதை உண்டு. ஆனால் விளையாட்டு பீரியடும் லைப்ரரி பீரியடும் கணக்கு வாத்தியாருக்குக் கடன் கொடுப்பதற்காகவே உண்டானவை என்று பள்ளிக்கூடத்தில் நாம் கற்ற பாடம், டெல்லி வரை போயிருக்கிறதோ என்று சந்தேகம் வருகிறது.

காகிதத்தை விட்டு இறங்கினால் கதை வேறு. 2023-ல் டி.என்.பி.எஸ்.சி. நூலகப் பணிகளுக்கென்று ஒரு தேர்வு வைத்தது. மாவட்ட நூலக அலுவலர், அண்ணா நூற்றாண்டு நூலகம் எல்லாம் சேர்த்து மொத்தம் 35 இடம். அதில் கல்லூரி நூலகர் 8. தமிழ்நாட்டில் அரசு கலை அறிவியல் கல்லூரிகள் மட்டும் நூற்றைம்பதுக்கு மேல். மீதிப் பேர் எங்கே போவார்கள்? சுயநிதிக் கல்லூரிக்கு. அங்கே யு.ஜி.சி. சம்பளம் என்பது சுவரில் மாட்டும் காலண்டர் படம். நான் பேசின சிலர் வாங்குவது அந்த 57,700-ல் மூன்றில் ஒரு பங்கைத் தொடவில்லை. பதினைந்து வருஷ அனுபவம் உள்ளவரும் அதில் உண்டு. ஒரு கல்லூரிக்கு ஒரு நூலகர். மேலே போக நாற்காலி இல்லை, பக்கத்தில் பேச சக ஊழியர் இல்லை. அட்மிஷன் சீசனில் ஊர் ஊராக நோட்டீஸ் கொடுக்க அனுப்புவார்கள். பரீட்சை சமயத்தில் ஹால் சூப்பர்வைசர். சினிமாவில் தப்பு செய்த போலீஸ்காரரைத் தண்ணியில்லாத காட்டுக்கு மாற்றுவது மாதிரி, மேனேஜ்மென்ட்டுக்குப் பிடிக்காத ஊழியரை லைப்ரரிக்குத் தூக்கிப் போடுகிற பழக்கமும் சில இடத்தில் இருக்கிறது. அங்கே ஏற்கெனவே இருப்பவருக்கு அது எப்படி வலிக்கும் என்று யாரும் யோசிப்பதில்லை.

எல்லா நூலகர்களும் பாவப்பட்ட ஆத்மாக்கள் என்று நான் சர்டிஃபிகேட் கொடுக்கவில்லை. நெட் பாஸ் பண்ணி, முழுச் சம்பளம் வாங்கி, பேப்பர் படித்துவிட்டு நாலரைக்குக் கிளம்புகிறவர்களும் உண்டு. பையன் ஒருத்தன் ரெண்டாவது தடவை சந்தேகம் கேட்டால் எரிந்து விழுகிறவர்களும் உண்டு. சம அந்தஸ்து கேட்கிறவர்கள் சம உழைப்பையும் காட்டணும். ஆனால் பேராசிரியர் சரியில்லை என்றால் பேராசிரியர் பதவியே வேண்டாம் என்று யாரும் சொல்வதில்லை. நூலகர் சரியில்லை என்றால் மட்டும், எல்லாம் கூகுள்ல இருக்கே சார் என்று ஆரம்பித்துவிடுகிறார்கள்.

எல்லாம் கூகுளில் இல்லை. இருப்பதற்கும் சாவி வேண்டும். 2024 நவம்பர் 25 அன்று மத்திய அமைச்சரவை 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்தது. மூன்று வருஷத்துக்கு 6,000 கோடி ரூபாய். 30 பெரிய பதிப்பகங்கள், கிட்டத்தட்ட 13,000 ஆய்வு இதழ்கள், 6,300 அரசு நிறுவனங்கள். நல்ல திட்டம், மனசாரச் சொல்கிறேன். 2025 ஜனவரியில் தொடங்கியது. ஆனால் முதல் கட்டம் அரசு நடத்தும் நிறுவனங்களுக்கு மட்டும்.

இதை நம் மாவட்டத்துக்குள் வைத்துப் பாருங்கள். நிலக்கோட்டை அரசு மகளிர் கல்லூரியில் படிக்கும் பெண் இந்த வளையத்துக்குள். அவளுடைய சித்தி மகள் திண்டுக்கல்லில் தனியார் சுயநிதிக் கல்லூரியில் அதே பாடத்தை ஃபீஸ் கட்டிப் படித்தால், அவள் வளையத்துக்கு வெளியே. வடமதுரை, வேடசந்தூர், ஒட்டன்சத்திரம் பக்கமிருந்து காலேஜ் பஸ் பிடித்து வரும், வீட்டில் முதன்முதலாகப் பட்டம் படிக்கிற பிள்ளைகளில் நிறையப் பேர் அந்தப் பஸ்ஸில்தான் இருக்கிறார்கள். இலவசமாக, சட்டப்படி படிக்கக் கிடைப்பவை எவை, ஷோத்கங்காவில் இருக்கும் லட்சக்கணக்கான ஆய்வேடுகளில் நமக்கு வேண்டியதை எப்படிப் பிடிப்பது, மதுரை கலைஞர் நூற்றாண்டு நூலகத்துக்கு ஒரு சனிக்கிழமை போனால் என்ன பார்க்கலாம் என்று அவர்களுக்குச் சொல்லித்தர விவரம் தெரிந்த ஒருவர் போதும். உள்ளே இருக்கிற நிலக்கோட்டைப் பெண்ணுக்கும் அதே ஆள் வேண்டும். 13,000 இதழ் திறந்திருக்கிறது என்பதே தெரியாவிட்டால் அதுவும் பூட்டின அலமாரிதான்.

மே மாதம் பிள்ளைக்கு அட்மிஷன் போடக் கல்லூரி கல்லூரியாக ஏறி இறங்குகிறோம். பஸ் வருமா, ஹாஸ்டலில் சாப்பாடு எப்படி, ப்ளேஸ்மென்ட் எத்தனை பர்சென்ட் என்று கேட்கிறோம். இந்த வருஷம் ரெண்டு நிமிஷம் அதிகமாக எடுத்துக்கொண்டு லைப்ரரியையும் காட்டச் சொல்லுங்கள். ஏ.சி. இருக்கா, எத்தனை ஆயிரம் புத்தகம் என்றெல்லாம் கேட்காதீர்கள், அதற்குப் பதில் தயாராக இருக்கும். போன மாசம் எத்தனை புத்தகம் வெளியே போச்சு, அலமாரிச் சாவி யாரிடம் இருக்கு, லைப்ரரியன் யாரு, எத்தனை வருஷமா இருக்கார், ஃபர்ஸ்ட் இயர் பிள்ளைகளுக்கு அவர் கிளாஸ் எடுக்கிறாரா? இந்த ஐந்தைக் கேளுங்கள். கேட்கும்போது அவர் முகத்தையும் கொஞ்சம் பாருங்கள். ஒரு பெற்றோர் அவரிடம் இதையெல்லாம் கேட்பது அநேகமாக அதுதான் முதல் தடவையாக இருக்கும்.